கம்பெனி வீட்டுப் பெண்: ஜெனிஃபர் கெண்டலின் சிறிய திரைவாழ்க்கை

திருநள்ளாற்றில் நளதீர்த்தத்தில் முழுகி எழுந்து ஈரத்துணியோடு சனீஸ்வரன் சந்நிதிக்குப் போகிறவர்களுக்கு நளன் கதை தலபுராணம். இரண்டு தலைமுறைக்கு முன்னால் காவிரிப் படுகையில் இருந்தவர்களுக்கோ அது நாடகமாகவும் தெரியும். சூதில் நாட்டைத் தோற்று, காட்டில் மனைவியைப் பிரிந்து, உருவம் மாறி, வாகுகன் என்ற பெயரில் தேரோட்டியாகவும் மடைப்பள்ளி ஆளாகவும் இன்னொரு மன்னனிடம் வேலை பார்க்கும் ஓர் அரசனின் கதையை மேடைக்காரர்கள் விட்டுவைப்பார்களா? விடிய விடிய நடந்தது. அந்த நாடகத்தில் சனீஸ்வரன் வேடம் கட்டியவர்களில் ஒருவர் சங்கரதாஸ் சுவாமிகள். ஆட்டம் முடிந்து அதிகாலையில் வேடத்தைக் கலைக்க நீர்நிலைக்குப் போன அவரைப் பார்த்து ஒரு கர்ப்பிணி அதிர்ந்து உயிர்விட்டார் என்றும், அன்றோடு அவர் வேடம் கட்டுவதை விட்டு வாத்தியாராகவே நின்றுவிட்டார் என்றும் நாடக உலகில் வழிவழியாகச் சொல்வார்கள். 1918இல் அவர் மதுரையில் தொடங்கிய தத்துவ மீனலோசனி வித்துவ பால சபையில்தான் டி.கே.எஸ். சகோதரர்கள் பயின்றார்கள். 1922 நவம்பர் 13 அன்று புதுச்சேரியில் காலமானார். சமாதி கருவடிக்குப்பத்தில் இருக்கிறது.

ஒரு பிரிட்டிஷ் நடிகையைப் பற்றி எழுத வந்து சங்கரதாஸ் சுவாமிகளில் தொடங்கியதற்குக் காரணம் உண்டு. ஜெனிஃபர் கெண்டலைப் பற்றிப் பேசுகிறவர்கள் பெரும்பாலும் இரண்டு இடங்களிலிருந்து தொடங்குவார்கள். ஒன்று, இந்தி நட்சத்திரம் சசி கபூரின் மனைவி. மற்றொன்று, இந்தியாவுக்கு வந்து தங்கிவிட்ட வெள்ளைக்காரப் பெண். இரண்டும் உண்மை. ஆனால் அவர் நடித்த படங்களைப் பார்க்கும்போது எனக்கு முதலில் தெரிவது ஊர் ஊராகப் போகும் நாடகக் கம்பெனியில் வளர்ந்த பெண்தான். அந்தப் பெண்ணைத் தமிழ் வாசகருக்கு அறிமுகம் செய்ய லண்டனைவிடக் கும்பகோணமும் மதுரையும் பக்கம்.

நம் கம்பெனிகளின் வாழ்க்கை எப்படி இருந்தது என்பது அவ்வை தி.க. சண்முகம் போன்றவர்கள் எழுதிவைத்ததில் இருக்கிறது. படுதாவும் பெட்டியும் ரயிலேறும். முன்கூட்டியே ஒருவர் போய்க் கொட்டகை பேசி முடிப்பார். வசூல் நின்றால் அடுத்த ஊருக்குப் போகவே கடன் வாங்க வேண்டும். இன்று ராஜபார்ட், நாளை சேவகன். பெண்களும் இதை நடத்தினார்கள். கும்பகோணம் பாலாமணி அம்மாள் பெண்களை வைத்தே கம்பெனி நடத்தியவர். அவருடைய நாடகம் பார்க்க வருகிறவர்களுக்காகச் சிறப்பு ரயில் விட்டார்கள் என்ற பேச்சு தஞ்சைப் பக்கத்தில் நெடுநாள் இருந்தது.

ஜெஃப்ரி கெண்டல் நடத்தியதும் இப்படிப்பட்ட கம்பெனிதான். இங்கிலாந்தின் வடமேற்கில் கெண்டல் என்ற ஊரில் பிறந்தவர். குடும்பப் பெயர் பிராக். மேடைக்காக ஊர்ப் பெயரை எடுத்துக்கொண்டார்; பெயருக்கு முன்னால் கொடுமுடியையும் காரைக்குடியையும் வைத்துக்கொண்ட நம் கலைஞர்களை நினைத்தால் இதில் வியப்பு இல்லை. இரண்டாம் உலகப் போரின்போது, 1944இல், படைவீரர்களுக்கு நாடகம் போட்டுக் காட்டும் அமைப்பின் வழியாக அவர் இந்தியாவுக்கு வந்தார். போர் முடிந்தபின் மனைவி லாரா லிடலுடன் சொந்தக் கம்பெனி. பெயர் ஷேக்ஸ்பியரானா. 1947இல் அவர்கள் இந்தியாவைச் சுற்றத் தொடங்கியபோது பேரரசு மூட்டை கட்டிக்கொண்டிருந்தது. பள்ளிக்கூடம், மன்னர் மாளிகை, மலைவாசஸ்தலத்து மன்றம் என்று எங்கே கூப்பிட்டாலும் ஆடினார்கள். 1953இல் மறுபடி வந்து சில ஆண்டுகள் சுற்றினார்கள்.  

மூத்த மகள் ஜெனிஃபர் 1934 பிப்ரவரி 28 அன்று இங்கிலாந்தின் சவுத்போர்ட்டில் பிறந்தவர். இளையவர் ஃபெலிசிட்டி, 1946. ஃபெலிசிட்டி ஒன்பது மாதக் குழந்தையாகவே 'நடுவேனில் இரவுக் கனவு' நாடகத்தில் மேடைக்குத் தூக்கிக்கொண்டு வரப்பட்டவர். அந்தக் கம்பெனியில் பிள்ளைகள் நடிப்பைப் படிக்கவில்லை, அதற்குள் வளர்ந்தார்கள். வெளியிலிருந்து வந்து சேர்ந்தவர்களும் உண்டு. பிற்காலத்தில் வங்க மேடையின் பெரும் ஆளுமையான உத்பல் தத் இளம் வயதில் ஷேக்ஸ்பியரானாவில் நடித்தவர். ஜெஃப்ரி கெண்டலைத் தம் ஆசானாகச் சொன்னவர். சங்கரதாஸ் சுவாமிகளின் பெயரைச் சொல்லும்போது டி.கே.எஸ். சகோதரர்களின் குரலில் இருந்த பக்திக்கு நிகரானது அது.

1956இல் கல்கத்தாவில் இரண்டு கம்பெனிகள் சந்தித்தன. பிருத்விராஜ் கபூர் 1944இல் தொடங்கிய பிருத்வி தியேட்டர்ஸும் ஊர் ஊராகப் போகும் குழுதான். அதில் கடைக்குட்டி மகன் சசி நடித்துக்கொண்டிருந்தார். ஜெனிஃபரைப் பார்த்தார், பிறகு ஷேக்ஸ்பியரானாவிலும் சேர்ந்து நடித்தார். 1958இல் திருமணம். இதைக் காதல் கதையாக ஆயிரம் முறை எழுதியிருக்கிறார்கள். நான் பார்க்கிறது வேறு. இரண்டு நாடகக் குடும்பங்கள் சம்பந்தம் செய்துகொண்டன, இரண்டு கம்பெனிகளும் அப்போது தேய்ந்துகொண்டிருந்தன. பிருத்வி 1960இல் கலைந்தது. ஷேக்ஸ்பியருக்குக் கூப்பிடும் பள்ளிகளும் மாளிகைகளும் ஆண்டுக்கு ஆண்டு குறைந்தன. நம் ஊர்களில் நாடகக் கொட்டகைகள் ஒவ்வொன்றாய் சினிமாக் கொட்டகையான கதையின் மற்றொரு கிளை இது.

அந்தத் தேய்வையே படமாக எடுத்தார்கள். 1961இல் இஸ்மாயில் மெர்ச்சன்ட், ஜேம்ஸ் ஐவரி இருவரும் சேர்ந்து தொடங்கிய சிறிய நிறுவனத்தின் முதல் கதைப்படம் 'தி ஹவுஸ்ஹோல்டர்' (1963). கதாநாயகன் சசி கபூர். அமெரிக்க நிறுவனங்கள் இந்தியாவில் சம்பாதித்த பணத்தை முழுதும் வெளியே கொண்டுபோக முடியாமல் இங்கேயே முடங்கிக் கிடந்த காலம் அது. அப்படி முடங்கிய ரூபாயில் கொலம்பியா நிறுவனம் அந்தப் படத்தை வாங்கியது. அந்தப் பணம் அடுத்த படத்துக்கு முதலாயிற்று. அடுத்த படம்தான் 'ஷேக்ஸ்பியர் வாலா' (1965). ஜெஃப்ரி கெண்டலின் 1947ஆம் ஆண்டு நாட்குறிப்பிலிருந்து கிளைத்த கதை. எழுதியவர் ரூத் பிராவர் ஜாப்வாலா. இசை சத்யஜித் ரே, ஒளிப்பதிவு ரேயின் ஒளிப்பதிவாளர் சுப்ரத மித்ரா. கெண்டல் தம்பதியரே நாடகக் குழுத் தலைவர்களாக, பக்கிங்ஹாம் என்ற பெயரில் நடித்தார்கள்.

அதில் ஒரு காட்சி. 'ஒத்தெல்லோ' நடக்கிறது. மேடையில் ஒரு பெண் சாகப்போகிறாள். அந்த நேரத்தில் சினிமா நட்சத்திரம் மஞ்சுளா அரங்குக்குள் வருகிறாள். எல்லாத் தலைகளும் அவள் பக்கம் திரும்புகின்றன. மேடையில் நிற்பவர்கள் தங்களை யாரும் பார்க்கவில்லை என்று தெரிந்தும் வசனத்தைச் சொல்லியாக வேண்டும். மஞ்சுளாவாக நடித்த மதுர் ஜாஃப்ரி அந்த ஆண்டு பெர்லின் விழாவில் சிறந்த நடிகைக்கான வெள்ளிக் கரடி விருது பெற்றார். தமிழ்நாட்டில் நாடகக் கம்பெனிகளின் கடைசிக் காலத்தைப் பார்த்த யாரும் இந்தக் காட்சியை வேற்றூர்க் காட்சியாகப் பார்க்க முடியாது.

கதையின் நாயகி லிஸி, பக்கிங்ஹாம் தம்பதியின் மகள். இந்திய இளைஞன் ஒருவனைக் காதலிக்கிறாள். அந்த இளைஞன் சசி கபூர். லிஸியாக நடித்தவர் ஃபெலிசிட்டி. முடிவில் லிஸி கப்பலேறி இங்கிலாந்து போகிறாள். நிஜத்தில் அந்த இளைஞனை மணந்து இந்தியாவிலேயே நின்றவர் அக்காள் ஜெனிஃபர். படத்தில் அவருக்கு விடுதிக்காரியாக ஒரு சின்ன வேடம், பெயர்ப்பட்டியலில்கூட இல்லை. ஃபெலிசிட்டி பிறகு இங்கிலாந்து சென்று 1975இல் பிபிசியின் 'தி குட் லைஃப்' நகைச்சுவைத் தொடரால் வீட்டுக்கு வீடு தெரிந்த முகமானார். தங்கை புகழுக்குப் போனார். அக்காள் பம்பாயில் மூன்று பிள்ளைகளை வளர்த்துக்கொண்டிருந்தார்: குணால், கரண், சஞ்சனா.

1970இல் 'பாம்பே டாக்கி'. ஐவரியே இயக்குநர். ஜெனிஃபர் இதில் லூசியா லேன் என்ற ஆங்கில நாவலாசிரியை. பம்பாய்ப் படப்பிடிப்புக்கு வேடிக்கை பார்க்க வந்து, மணமான நட்சத்திரம் விக்ரமுடன் உறவில் விழுகிறாள். அவளை உண்மையாக நேசிக்கும் திரைக்கதையாளன் ஒருவனைப் பொருட்படுத்துவதில்லை. ராட்சதத் தட்டச்சுப்பொறியின் பொத்தான்கள்மேல் ஹெலன் ஆடும் பாட்டு இந்தப் படத்தில்தான். படம் ஓடவில்லை, எனக்கும் முழு நிறைவு தராத படம். லூசியாவின் தன்னலத்தையும் தனிமையையும் ஒரே முகத்தில் வைத்துக்கொள்ள ஜெனிஃபரால் முடிந்தது, திரைக்கதையால் முடியவில்லை. ஆனால் இந்தப் படம் இல்லாமல் அடுத்து வந்தது நடந்திருக்காது. விக்ரமின் மனைவி மாலாவாக, கணவனை வெள்ளைக்காரியிடம் இழக்கும் பெண்ணாக, அதில் நடித்தவர் அபர்ணா சென். அவர் பதினொரு ஆண்டு கழித்து ஜெனிஃபரை இயக்கினார்.

அதற்கு முன் 'ஜூனூன்' (1978). ரஸ்கின் பாண்டின் குறுநாவலிலிருந்து சியாம் பெனகல் எடுத்த படம். 1857, ஷாஜஹான்பூர். கிளர்ச்சியாளர்கள் தேவாலயத்தில் புகுந்து வெட்டிய நாளில் தப்பிய மூன்று தலைமுறைப் பெண்கள், பாட்டியும் தாயும் மகளும், அடைக்கலம் தேடுகிறார்கள். ஜாவேத் கான் என்ற பட்டாணியன் அவர்களைத் தன் வீட்டுக்குக் கொண்டுவருகிறான். மகள் ரூத்மேல் அவனுக்குப் பித்து. தாய் மரியமாக ஜெனிஃபர். ஜாவேத், சசி கபூர். அவன் மனைவி ஃபிர்தௌஸ், ஷபானா ஆஸ்மி. ரூத், நஃபீசா அலி.

மரியமிடம் ஆயுதம் இல்லை, ஆள் இல்லை, போக்கிடம் இல்லை. மகளைக் கேட்கும் ஆண் கத்தியோடு நிற்கிறான். அவள் அழவில்லை, கெஞ்சவில்லை. டெல்லி யார் கைக்குப் போகிறது என்று பார்ப்போம். கிளர்ச்சியாளர்கள் கையிலேயே நின்றால் உன் விருப்பப்படி நடக்கட்டும், ஆங்கிலேயர் பிடித்துவிட்டால் நீ இந்தப் பேச்சையே விட்டுவிட வேண்டும் என்று ஒரு பேரரசின் விதியைத் தன் மகளுக்குக் கெடுவாக வைக்கிறாள். இந்தப் பேரத்தை ஜெனிஃபர் செய்யும் விதத்தைத் தனியாகப் பார்க்க வேண்டும். குரல் உயராது. உடம்பு பின்வாங்காது. அடுத்தவர் வீட்டில் அவர்கள் கொடுத்த உடையில் இருந்துகொண்டு, தான் விருந்தாளி என்ற மரியாதையை அவளே நிறுவிக்கொள்கிறாள். பெரிய அரங்கில் கடைசி வரிசைக்கும் கேட்கும்படி பேசிப் பழகியவர்கள் கேமராவுக்கு முன் கொஞ்சம் கூடுதலாகத்தான் செய்வார்கள் என்பது பொது நம்பிக்கை. ஊர் சுற்றும் கம்பெனியின் பயிற்சி நேர் எதிரானது என்றே நினைக்கிறேன். ஒரு நாள் மாளிகைக் கூடம், மறுநாள் பள்ளிக்கூடத்து முற்றம், அதற்கடுத்த நாள் விளக்கு அணைந்து அணைந்து எரியும் மன்றம். எந்த இடத்துக்கு எவ்வளவு போதும் என்று உடம்பு தானாகவே அளந்துகொள்ளும். கேமரா என்பது அந்த நடிகைக்குக் கிடைத்த மிகச் சிறிய அரங்கு.

'ஜூனூன்' சிறந்த இந்திப் படத்துக்கான தேசிய விருதும் கோவிந்த் நிஹலானிக்கு ஒளிப்பதிவு விருதும் பெற்றது. தயாரிப்பு ஃபிலிம்வாலாஸ். சசி கபூரின் சொந்த நிறுவனம்.

இங்கே காசைப் பற்றிப் பேசாமல் போக முடியாது. சுயாதீனப் படம் என்றால் யாருக்கும் கட்டுப்படாத படம் என்று அழகாகச் சொல்லிவிடலாம். யாரோ ஒருவர் நஷ்டத்துக்குத் துணிந்தால்தான் அந்தச் சுதந்திரம் வரும். இந்தியாவில் அப்படித் துணிந்தது பெரும்பாலும் அரசு. 1960இல் அமைந்த திரைப்பட நிதிக் கழகம்தான் மிருணாள் சென்னின் 'புவன் ஷோம்' (1969) போன்ற படங்களுக்குப் பணம் கொடுத்தது. ஜெனிஃபரின் முக்கியமான இரண்டு படங்களுக்குப் பணம் வேறு வழியில் வந்தது. எழுபதுகளில் சசி கபூர் ஒரே நாளில் பல படப்பிடிப்புகளுக்கு ஓடியவர். எப்போதும் அடுத்த சவாரிக்குத் தயாராக நிற்கும் டாக்சி என்று அண்ணன் ராஜ் கபூரே அவரைச் சொன்னதாகக் கூறுவார்கள். அந்த ஓட்டத்தில் வந்த பணம் பெனகலுக்கும், அபர்ணா சென்னுக்கும், கிரீஷ் கர்னாடுக்கும் போயிற்று. 'ஜூனூன்', 'கல்யுக்', '36 சௌரங்கி லேன்', 'விஜேதா', 'உத்சவ்' என்று ஆறேழு ஆண்டுகளில் வரிசையாக வந்த படங்கள் அவருடைய சம்பளத்தில் எடுக்கப்பட்டவை. கடைசியாகச் சொன்ன படத்தில் பெருநஷ்டம். வணிகப் படத்தைத் திட்டிக்கொண்டே மாற்றுப் படத்தைப் புகழும் விமர்சகர்கள் இந்தக் கணக்கை மறக்கக் கூடாது.

'36 சௌரங்கி லேன்' 1981இல் வெளிவந்தது. அபர்ணா சென் சிதானந்த தாஸ்குப்தாவின் மகள். ரேயோடு சேர்ந்து 1947இல் கல்கத்தா ஃபிலிம் சொசைட்டியைத் தொடங்கியவர்களில் ஒருவர் அந்தத் தந்தை. மகள் பதினைந்து பதினாறு வயதில் ரேயின் 'தீன் கன்யா'வில் நடித்தவர். திரைக்கதை எழுதி ரேயிடம் காட்டினார். இதில் நிறைய இதயம் இருக்கிறது, எடு என்ற பொருளில் அவர் ஊக்கம் கொடுத்தார். தயாரிப்பாளராக சசி கபூர் வந்தார். முதல் படம், ஆங்கிலப் படம், பாட்டு இல்லாத படம், நாயகி ஓய்வுபெறும் வயதை நெருங்கும் தனிக்கட்டை. எந்த விநியோகஸ்தர் இதை வாங்குவார்?

வயலட் ஸ்டோன்ஹாம் கல்கத்தாப் பள்ளியொன்றில் ஷேக்ஸ்பியர் சொல்லிக்கொடுக்கும் ஆங்கிலோ இந்திய ஆசிரியை. வீட்டில் ஒரு பூனை. 'பன்னிரண்டாம் இரவு' நாடகத்துக் குடிகாரக் கதாபாத்திரத்தின் பெயரை, சர் டோபி என்று, அதற்கு வைத்திருக்கிறாள். முதியோர் இல்லத்தில் அண்ணன் எடி. அந்த வேடத்தில் ஜெனிஃபரின் தந்தை ஜெஃப்ரி கெண்டலே நடித்தார். உறவுக்காரப் பெண் ஆஸ்திரேலியா போய்விட்டாள். ஆங்கிலோ இந்தியர்கள் ஒவ்வொருவராகக் கப்பலேறிய காலத்தில் ஏறாமல் நின்றவள் வயலட். புதிதாக வந்த தலைமையாசிரியை ஷேக்ஸ்பியர் வகுப்பை இளம் ஆசிரியை ஒருத்திக்குக் கொடுத்து, வயலட்டை இலக்கண வகுப்புக்கு மாற்றுகிறாள்.

பழைய மாணவி நந்திதாவும் அவள் காதலன் சமரேஷும் வழியில் சந்திக்கிறார்கள். சமரேஷ் எழுத்தாளனாம், எழுத அமைதியான இடம் இல்லையாம். பகலில் நீங்கள் பள்ளிக்கூடம் போயிருக்கும்போது உங்கள் வீட்டில் உட்கார்ந்து எழுதிக்கொள்ளட்டுமா? வயலட் சம்மதிக்கிறாள். அவர்களுக்கு வேண்டியது தனியாக இருக்க ஓர் இடம். அவர்கள் அவளைக் கொடுமை செய்வதில்லை, வெறுப்பதும் இல்லை. மாலையில் அவளோடு தேநீர் குடிக்கிறார்கள், கிராமஃபோன் கேட்கிறார்கள், அவளை வெளியே கூட்டிப்போகிறார்கள். அவளுக்கு நாட்கள் நிறைகின்றன. கல்யாணமாகி சொந்த வீடு வந்தவுடன் தேவை முடிகிறது. கிராமஃபோன்கூட அவர்கள் வீட்டுக்குப் போயாகிவிட்டது. கிறிஸ்துமஸுக்கு அவர்கள் ஊரில் இருக்கப்போவதில்லை என்று அவளிடம் சொல்லப்படுகிறது. இருந்தாலும் கேக் செய்து வைத்துவிட்டு வரலாம் என்று எடுத்துக்கொண்டு போகிறாள். உள்ளே விருந்து நடக்கிறது.

ஜன்னலுக்கு வெளியே நிற்கும் அந்த நிமிடத்தைத்தான் நான் நடிப்புப் பாடமாகச் சொல்வேன். அவள் முகத்தில் முதலில் வருவது வருத்தமல்ல, மகிழ்ச்சி. ஊரில்தான் இருக்கிறார்கள், நல்லவேளை, என்ற மகிழ்ச்சி. அது நின்று, அடுத்த எண்ணம் வந்து சேர ஒரு கணம் ஆகிறது. அந்த ஒரு கணத்தை அவசரப்படாமல் விடுவதற்கு நடிகைக்கும் இயக்குநருக்கும் ஒருவர்மேல் ஒருவர் நம்பிக்கை வேண்டும். பிறகு அவள் கதவைத் தட்டாமல் திரும்புகிறாள். ஆளில்லாத இரவில் ஒரு தெருநாய் பின்னால் வர, லியர் அரசனின் வரிகளைத் தனக்குத்தானே சொல்லிக்கொண்டு நடக்கிறாள். வகுப்பில் சொல்லிக்கொடுக்க அவளிடமிருந்து பறிக்கப்பட்ட ஷேக்ஸ்பியர் இப்போது அவளுக்கே தேவைப்படுகிறது. இந்த வரிகளைச் சொல்லும் குரல் நடிப்புப் பள்ளியில் ஷேக்ஸ்பியர் கற்றவரின் குரல் அல்ல. பதின்மூன்று வயதிலிருந்து அப்பா அம்மாவோடு ரயிலில் போய்ப் பல நூறு இரவுகள் அந்த வரிகளைக் கேட்டும் சொல்லியும் வளர்ந்தவரின் குரல். அதனால்தான் அதில் அலங்காரம் இல்லை. அப்போது ஜெனிஃபருக்கு வயது நாற்பத்தேழுதான். வயலட் அதைவிடப் பல ஆண்டு மூத்தவள். முதுமையை அவர் நரையில் காட்டுவதைவிடப் பையைத் தூக்கிப் பிடிக்கும் விதத்தில் காட்டுகிறார்.

படத்துக்கு மூன்று தேசிய விருதுகள்: சிறந்த இயக்குநர் அபர்ணா சென், சிறந்த ஒளிப்பதிவு அசோக் மேத்தா, சிறந்த ஆங்கிலப் படம். 1982 மணிலா விழாவில் முதல் பரிசு. சிறந்த நடிகைக்கான தேசிய விருது அந்த ஆண்டு 'உம்ராவ் ஜான்' ரேகாவுக்குப் போயிற்று. ஜெனிஃபரை அவர் பிறந்த நாடு கவனித்தது. ஈவினிங் ஸ்டாண்டர்டு விருது கிடைத்தது. பிரிட்டிஷ் அகாடமியின் சிறந்த நடிகைப் பட்டியலில் கேதரின் ஹெப்பர்ன், டயான் கீட்டன், சிஸ்ஸி ஸ்பேசெக் ஆகியோரோடு அவர் பெயரும் இருந்தது. விருது ஹெப்பர்னுக்கு. பரிந்துரைப் பட்டியலில் மற்ற மூவரும் ஹாலிவுட் பெருநட்சத்திரங்கள். இவர் கல்கத்தாவில் ஒரு புது இயக்குநரின் கையில் முகத்தைக் கொடுத்தவர்.

அதற்குப் பின் மிஞ்சியது கொஞ்சம் காலம். ஐவரியின் 'ஹீட் அண்ட் டஸ்ட்' (1983) படத்தில் மருத்துவரின் மனைவி சாண்டர்ஸ் அம்மாள்: குழந்தையை இழந்து, இந்தியாவைக் கண்டு அஞ்சி, மனம் பிறழ்ந்தவள். ரேயின் 'கரே பாய்ரே' (1984) படத்தில் ஜமீன்தார் மனைவி பிமலாவுக்கு ஆங்கிலமும் பாட்டும் சொல்லிக்கொடுக்க வரும் மிஸ் கில்பி. சுதேசிக் கொந்தளிப்பில் கல்லடி பட்டு ஊரை விட்டுப் போகிறாள். இரண்டும் சிறிய வேடங்கள். 'தி ஃபார் பெவிலியன்ஸ்' என்ற தொலைக்காட்சித் தொடரிலும் ஒரு பாத்திரம். புற்றுநோய் முற்றியிருந்தது. 1984 செப்டம்பர் 7 அன்று லண்டனில் காலமானார். ஐம்பது வயது.

படங்களை வெளிவந்த வரிசையில் அல்லாமல் கதை நடக்கும் காலத்தின் வரிசையில் அடுக்கிப் பார்த்தால் ஒன்று புலப்படுகிறது. 1857இல் மரியம். வங்கப் பிரிவினைக் காலத்தில் மிஸ் கில்பி. 1920களில் சாண்டர்ஸ் அம்மாள். விடுதலைக்குப் பின் லூசியா லேன். கடைசியாக வயலட் ஸ்டோன்ஹாம். இந்தியாவில் ஆங்கிலேயர் இருந்த கதையின் கடைசி நூற்றுச் சொச்சம் ஆண்டுகளை ஐந்து பெண்கள் வழியாக ஒரே நடிகை சொல்லியிருக்கிறார். ஐவரில் யாரும் கவர்னரின் மனைவி இல்லை. பேரரசால் லாபம் அடைந்தவர்களும் இல்லை. அது நடத்திய கூத்தின் செலவைத் தம் உடம்பாலும் மனத்தாலும் கட்டியவர்கள். திட்டமிட்டு இப்படி யாரும் வேடம் தேர்ந்தெடுக்க முடியாது. ஆனால் பேரரசு முடிந்தபின் அது ஆண்ட நாட்டிலேயே நின்று, வேறு வீட்டு மருமகளாகி, அந்தப் பெண்களை ஏளனமும் இல்லாமல் கழிவிரக்கமும் இல்லாமல் பார்க்கத் தெரிந்தவர் ஒருவர்தான் இருந்தார். நான்கு இயக்குநர்கள் அவரிடம் போனார்கள்.

இந்த இடத்தில் எனக்கு மனோரமா நினைவுக்கு வராமல் இருப்பதில்லை. மன்னார்குடியில் பிறந்தவர், 1937. ஜெனிஃபரைவிட மூன்று வயது இளையவர். நாடக மேடையில் வளர்ந்து, ஜெனிஃபருக்குக் கல்யாணமான அதே 1958இல் 'மாலையிட்ட மங்கை'யில் திரைக்கு வந்தார். பாட்டு, வட்டாரப் பேச்சு, அழுகை, நையாண்டி, எல்லாம் கைவந்தவர். படங்கள் ஆயிரத்துக்கு மேல். அந்த ஆயிரத்தில் அவரை நடுவில் வைத்து, அவருடைய தனிமைக்காகவே எழுதப்பட்டு, கேமரா அவர் முகத்தை விட்டு நகராமல் எடுக்கப்பட்ட படம் எத்தனை? நம்மிடம் இருந்த மேடைப் பயிற்சி கெண்டல் குடும்பத்தின் பயிற்சிக்கு எள்ளளவும் குறைந்ததில்லை. இல்லாமல் போனது அபர்ணா சென்னைப் போல ஐம்பது அறுபது வயதுப் பெண்ணுக்காகத் திரைக்கதை எழுதி எடுத்துக்கொண்டு அலையும் இயக்குநரும், அதற்குத் தன் சம்பளத்தைப் போடும் நட்சத்திரமும்.

முயற்சியே இல்லை என்று சொல்லக் கூடாது. 'ஷேக்ஸ்பியர் வாலா' வந்த அதே 1965இல் ஜெயகாந்தன் தம் 'உன்னைப்போல் ஒருவன்' கதையைத் தாமே படமாக்கினார். சேரிப் பெண்ணாக, மகனுக்கும் தனக்கென ஒரு வாழ்வுக்கும் நடுவில் தவிக்கும் தாயாக, காந்திமதி நடித்தார். படத்துக்கு தேசிய அங்கீகாரம் கிடைத்தது, கொட்டகைகள் கிடைக்கவில்லை. காந்திமதியைத் தமிழ்நாடு முழுதும் அறிந்தது பிறகு '16 வயதினிலே' குருவம்மாளாக. ஜெயகாந்தன் தொடங்கிய இடத்திலிருந்து அந்த நடிகைக்காக இன்னொருவர் எழுதவில்லை என்பது தமிழ் மாற்றுப் பட வரலாற்றின் பெரிய இழப்புகளில் ஒன்று. பெண்ணுக்கு நாற்பது தாண்டினால் அம்மா, ஐம்பது தாண்டினால் பாட்டி, அதற்கு மேல் சிரிப்பு என்று பங்கு பிரித்த சினிமாவில் அவர்கள் செய்தது கொஞ்சமல்ல. செய்ய விடாதது அதைவிட மிகுதி.

ஜெனிஃபரின் பணியில் படங்களைவிடப் பெரியது என்று சொல்லத்தக்க இன்னொன்று உண்டு. பிருத்விராஜ் கபூர் 1972இல் இறந்தபின் அவர் பெயரில் சசியும் ஜெனிஃபரும் அறக்கட்டளை அமைத்தார்கள். பம்பாய் ஜூஹுவில் பிருத்விராஜ் நாடகத்துக்காக ஆசைப்பட்டிருந்த நிலத்தில், வேத் சேகன் என்ற கட்டடக் கலைஞரை வைத்து அரங்கு கட்டினார்கள். 1978 நவம்பர் 5 அன்று திறப்பு. இருநூறு பேர் அமரலாம். மூன்று பக்கமும் இருக்கைகள். நடிகரின் மூச்சு முதல் வரிசைக்குக் கேட்கும். முதல் நாடகம் கோ.பு. தேஷ்பாண்டேயின் 'உத்வஸ்த தர்மசாலா', நடித்தவர்கள் நசீருதீன் ஷா, ஓம் பூரி போன்றோர். சொந்த மேடை இல்லாமல் ஊர் ஊராகப் பெட்டி தூக்கிய இரண்டு குடும்பங்கள் கடைசியில் ஒரு கூரை கட்டின. அதை அன்றாடம் நடத்தும் பொறுப்பை ஜெனிஃபர் எடுத்துக்கொண்டார். சிறிய குழுக்களும் கட்டுப்படியாகும் வாடகையில் வந்து நாடகம் போடலாம் என்பது அடிப்படை. குறித்த நேரத்தில் கதவு சாத்தப்படும், பிந்தி வந்தவர் யாரானாலும் உள்ளே விடமாட்டார்கள் என்ற கண்டிப்பு இன்றும் அந்த அரங்கின் அடையாளம். 'ஷேக்ஸ்பியர் வாலா'வில் பாதி நாடகத்தில் மஞ்சுளா உள்ளே நுழையும் காட்சியை நினைத்துக்கொண்டால் இந்தக் கண்டிப்பின் வேர் விளங்கும்.

சுயாதீன சினிமாவும் அந்த அரங்கும் ஒரே கணக்கில் ஓடியவை. நசீரும் ஓம் பூரியும் பெனகல், நிஹலானி படங்களில் நடித்துவிட்டு மாலையில் அங்கே மேடை ஏறினார்கள். படத்தில் சம்பளம் குறைவு, மேடையில் அதைவிடக் குறைவு. ஆனால் நடிகர் தொழில் துருப்பிடிக்காமல் இருக்க இடம் இருந்தது. ஒரு நகரத்தில் மாற்றுப் படங்கள் பத்து ஆண்டு தொடர்ந்து வர வேண்டுமானால் படச்சுருளும் பணமும் மட்டும் போதாது, நடிகர்கள் தினமும் வேலை செய்ய ஓர் அறை வேண்டும் என்பதை ஜெனிஃபர் கண்டுகொண்டிருந்தார். சென்னையில் கூத்துப்பட்டறை ஏறக்குறைய அதே காலத்தில், 1977இல், தொடங்கியது. ந. முத்துசாமி தஞ்சை மாவட்டத்துப் புஞ்சையிலிருந்து வந்தவர், காவிரிப் படுகையின் பிள்ளை. அங்கே பயின்றவர்கள் பிற்காலத்தில் தமிழ்ப் படங்களுக்கு என்ன கொடுத்தார்கள் என்பது பசுபதியையும் கலைராணியையும் திரையில் பார்த்த எல்லோருக்கும் தெரியும். அந்த ஒப்பீட்டை ஒருவர் முழு நூலாகவே எழுதலாம்.

ஜெனிஃபர் இறந்தபோது பிருத்வி அரங்குக்கு ஆறு வயது. குணாலும் பிறகு சஞ்சனாவும் அதை நடத்தினார்கள். '36 சௌரங்கி லேன்' நினைவுக் காட்சிகளில் இளம் வயலட்டாக வந்த பெண்தான் சஞ்சனா. 2012இல் அவர் பிருத்வியிலிருந்து விலகி, தோழி ஒருவருடன் சேர்ந்து புதிய கலை அமைப்பு ஒன்றைத் தொடங்கி, அதற்குத் தாய் மரியமாக நடித்த படத்தின் பெயரையே வைத்தார்: ஜூனூன். நாடகக்காரர்களையும் பிற கலைஞர்களையும் பள்ளிக்கூடங்களுக்கு அழைத்துப்போவது அதன் முக்கிய வேலைகளில் ஒன்று.